தன் கச்சேரிக்குத் தானே சாட்சி

ஏ.ஆர்.ரகுமான் 2017இல் தம் குழுவின் கச்சேரியைத் தாமே படமாகத் தயாரித்து, ‘ஒன் ஹார்ட்’ என்று தியேட்டருக்கு அனுப்பினார். உத்தமமான ஏற்பாடு. நம்மைப் பற்றி நடுநிலையோடு பேச நம்மை விட்டால் யார்?

பண்ணைப்புரத்துப் பாவலர் வரதராசனுக்கு இந்த விவரம் போதவில்லை. தம்பிகள் பாஸ்கர், இளையராஜா, கங்கை அமரனைக் கூட்டிக்கொண்டு, ஆர்மோனியமும் கையுமாக கம்யூனிஸ்ட் மேடைகளில் வெறுமனே பாடித் தீர்த்தார். அதைப் படமாக்கித் தியேட்டருக்கு அனுப்பவில்லை. கேட்டவர்கள் காதால் மட்டும் கேட்டுவிட்டுப் போனார்கள். என்ன விரயம்!

வீரபாண்டித் திருவிழா மேளக்காரர்களாவது திருந்தி, தங்களைத் தாங்களே படமெடுக்கட்டும். முதல் பாதியில் உறுமிக்காரர் பேட்டி. இடைவேளைக்குப் பின் அதைப் பார்த்து அவரே கண்கலங்குவது. கூட்டத்தைப் பற்றியும் கவலையில்லை, அது தன்னைத்தானே செல்போனில் எடுத்துக்கொண்டிருக்கிறது.

ஒரே சிக்கல்: குழு மொத்தமும் எடிட்டிங்கில் உட்கார்ந்துவிட்டது. சித்திரையில் திருவிழா. உறுமி அடிக்கத் தெரிந்தவர் யாராவது இருந்தால் சொல்லி அனுப்புங்கள்.