பழங்கணக்குக்காரர்

நொடித்துப்போன வியாபாரிதான் பழங்கணக்கைப் புரட்டுவான் என்பார்கள். நொடிப்பதற்கு முன்பே, அதுவும் அடுத்தவன் கணக்கைப் புரட்டுகிற ஓர் இனம் புதுச்சேரியில் உண்டு. வண்டிகளை விடாத காலை நேரத்தில் கடற்கரைச் சாலையில் காந்தி சிலைப் பக்கம் போனால் தரிசனம் கிடைக்கும். அரசு உத்தியோகத்திலிருந்து ஓய்வு, அரைக்கைச் சட்டை, கக்கத்தில் ஏதாவது ஒரு சின்னக் கம்பெனியின் ஆண்டறிக்கை. ஆனந்தரங்கப் பிள்ளை 1736 முதல் கப்பல் வரவையும் ஊர் வம்பையும் ஒரே நாட்குறிப்பில் எழுதிவைத்த ஊர் இது. கணக்கோடு வம்பையும் சேர்த்துப் படிப்பது இவருக்கு மண்வாசனை.

ஆண்டறிக்கையைக் கடைசிப் பக்கத்திலிருந்துதான் தொடங்குவார். முன்பக்கத்தில் சேர்மன் சிரிக்கும் படத்தை, “அது கல்யாண ஆல்பம் தம்பி” என்று தள்ளிவிடுவார்.

ஒரு பையன் மூச்சிரைக்க வந்தான். “சார், எஸ்.எம்.இ. பங்கு! மூணு வருஷ லாபம் 2 கோடி, 4 கோடி, 6 கோடி!”

“சந்தோஷம். கைக்கு எவ்ளோ வந்துச்சு?”

பையன் விழித்தான். பணப்புழக்க அறிக்கையில் இவர் விரல் வைத்த இடத்தில் மூன்று வருடமும் மைனஸ். 90 நாளில் வசூலான பாக்கி 210 நாளுக்கு இழுத்திருந்தது.

“சரக்கு போயிருக்கு, துட்டு வரலை. அப்படி யாருக்குத்தான் வித்தாங்க?”

குறிப்புகளின் பொடி எழுத்தில் பதில் இருந்தது: முதலாளியின் மச்சான் கம்பெனிக்கு.

“சரி, ஆடிட்டர் ஏன் பாதியில போனாரு?”

பையனும் பாதியில் போய்விட்டான்.

சத்யம் கம்ப்யூட்டர்ஸ் கம்பெனியின் கதையை இவர் புராணம்போல் சொல்வார். 2009 ஜனவரி 7 அன்று அதன் சேர்மன் ராமலிங்க ராஜு கடிதம் எழுதினாரே, ரொக்கமென்று கணக்கில் காட்டியதில் 5,040 கோடி இல்லவே இல்லை என்று! அன்றிலிருந்து இவர் காகிதத்தை மட்டும் நம்புவதில்லை. மேட்டுப்பாளையம் தொழிற்பேட்டையில் கம்பெனிக்கு எதிரே உள்ள டீக்கடையில் போய் உட்கார்ந்து, “ரெண்டாவது ஷிப்ட்டுக்கு எத்தினி டீ போவுது?” என்று விசாரிப்பார். அறிக்கையில் உற்பத்தி இரட்டிப்பு, டீ மட்டும் பாதியாகக் குறைந்திருந்தால் முடிந்தது கதை.

குறையும் உண்டு. ஐந்து வருடக் கணக்கு பார்த்து, பத்து வருடக் கணக்குக்குப் போய், போட்டிக் கம்பெனியின் கணக்கையும் ஒப்பிட்டு நிமிர்வதற்குள் நல்ல பங்கு நாலு மடங்கு ஏறியிருக்கும். கொரோனா வருடத்தில் விற்பனை படுத்துவிட்டதென்று ஒரு தங்கமான கம்பெனியையே கழித்துக்கட்டியவர். நேற்றைய கணக்கு நாளைக்கு உத்தரவாதமில்லை என்று சொன்னால், “நேத்து பொய் சொன்னவன் நாளைக்கு இன்னா சொல்லுவான்?” என்பார். வாங்கிய பங்குகளைவிட வாங்காமல் தப்பித்த பங்குகளின் பட்டியல்தான் இவருக்குப் பெருமை. சொந்தப் பணம் பெரும்பாலும் தபால் ஆபீசில் தூங்குகிறது.

ஆகவே எதை வாங்கலாம் என்று இவரிடம் கேட்காதீர்கள், ஆயுசுக்கும் சொல்லமாட்டார். நீங்கள் வாங்கத் துடிக்கிற பங்கின் அறிக்கையைக் கொண்டுபோய்க் கொடுங்கள். அவருடைய மூன்று கேள்விகளுக்கும் பதில் இருந்தால் பணத்தைப் போடுங்கள். இல்லையென்றால் அவருக்கு ஒரு காபி வாங்கிக் கொடுங்கள், செலவு அதோடு போகட்டும்.