கிராணி போட்ட மந்திரம்

வா தம்பி, இப்படி உட்காரு. கோப்பி ஓ ஆறிடப் போவுது, குடிச்சுக்கிட்டே கேளு. மாயமலை ஒன்னைக் கற்பனை பண்ணிக் கதை எழுதறியாமே? உங்க பாட்டி சொன்னா. அந்த மலையில காலம் ஒழுங்கா நடக்காதாம், மந்திரம் ஒரு நேரம் பலிக்குமாம், ஒரு நேரம் போட்டவனையே திருப்பி அடிக்குமாம், ஏறிப் போனவன் திரும்பி வரமாட்டானாம். நல்லாத்தான் இருக்கு. ஆனா இதுக்காக ராத்திரி பூரா லைட்டைப் போட்டுக்கிட்டு மண்டையை உடைச்சுக்கணுமா? ஸ்ரீ கெம்பாங்கான்ல இருந்துக்கிட்டு மாயமலையைக் கற்பனை பண்றது, மீன் மார்க்கெட்ல குந்திக்கிட்டுக் கருவாட்டைக் கனவு காணுற மாதிரி.

மொதல்ல ஒரு திருத்தம். உன் கதையில தாடி வச்ச மந்திரவாதி ஒருத்தன் கோலைப் புடிச்சுக்கிட்டு நிக்கிறான் பாரு, அவனைத் தூக்கிடு. அந்த எடத்துல ஒரு கிராணிய உட்கார வை. கையில பேனா, பக்கத்துல ரப்பர் முத்திரை. தோட்டத்துல காலந்தள்ளினவன் சொல்றேன், கேட்டுக்கோ: கணக்கெழுதுற கிராணியோட பேனாதான் நெஜ மந்திரக்கோல்.

நம்ப மாட்டே. சரி, கேமரன் மலைய எடுத்துக்குவோம். வில்லியம் கேமரன்னு ஒரு சர்வே துரை 1885-ல காட்டுக்குள்ள ஏறினான். மேல சமநிலமா பெரிய பரப்பு ஒன்னு கெடக்குன்னு வந்து சொன்னான். சொன்னதோட சரி, வரைபடத்துல ஒழுங்கா குறிச்சு வைக்கல. அவ்வளவுதான், மலை தொலைஞ்சு போச்சு! 1925-ல ஜார்ஜ் மேக்ஸ்வெல் துரை போய்ப் பார்த்துட்டு வந்த பெறகுதான், அப்படி ஒரு எடம் இருக்குதுன்னு கவர்மெண்டு ஒத்துக்கிச்சு. நாப்பது வருஷம் ஒரு மலையே தலைமறைவு. மலைமேல பூர்வக்குடி சனங்க பாட்டுக்கு வேட்டைக்குப் போனாங்க, வந்தாங்க. அவங்களுக்கு மலை ஒரு நாளும் தொலையல. துரைமாருக்குத்தான் தொலைஞ்சுது. கெடைச்ச கையோட தேயிலை வந்துடுச்சு. 1929-லேயே ரஸ்ஸல் துரை போ தோட்டத்த ஆரம்பிச்சுட்டாரு. கொழுந்து கிள்ளப் போனது யாருன்னு உனக்குச் சொல்ல வேண்டியதில்ல.

ஆள் மறையுற கதையும் அங்கேயே இருக்கு. ஜிம் தாம்சன், அமெரிக்காக்காரர், தாய்லாந்துப் பட்டு வியாபாரத்துல பேர் போனவர். 1967 மார்ச் 26, ஈஸ்டர் ஞாயிறு. தானா ராத்தாவுல மூன்லைட் பங்களாவுல விருந்தாளியாத் தங்கியிருந்தவர், மத்தியானத்துக்கு மேல தனியா வெளிய நடந்தாரு. சிகரெட்டும் மருந்தும் உள்ளேயே கெடந்துச்சு. ஆளு வரல. போலீசு, பட்டாளம், பூர்வக்குடிக்காரங்க, எல்லாரும் காட்டைச் சல்லடை போட்டுட்டாங்க. மலாய் மந்திரவாதிங்க, அதான் போமோக்களையும் கூப்பிட்டுப் பார்த்தாச்சு. வெளிநாட்டுல இருந்து ஞானதிருஷ்டிக்காரர்கூட வந்தாரு. ஒரு பட்டன்கூடக் கெடைக்கல. என் கிராணிக் கணக்குல அடங்காத கேசு இது ஒன்னுதான், அதை ஒத்துக்கிறேன். நீ வேணும்னா இதுக்கு மட்டும் உன் தாடிக்காரனைக் கூப்பிட்டுக்கோ.

காலத்துக்கு வருவோம், அதுதான் உனக்கு முக்கியம். உன் மலையில கடிகாரம் தானா முன்னாடி ஓடுதாம். இந்த நாட்டுல மலை ஏறாமலே ஓடியிருக்கு தம்பி! வெள்ளைக்காரன் 1933-ல இருபது நிமிஷத்த முன்னாடி தள்ளினான். 1941-ல இன்னொரு பத்து நிமிஷம். ஜப்பான்காரன் வந்தான், மறு வருஷம் தோக்கியோ நேரம்தான் இனிமேன்னு ஒன்றரை மணி நேரத்த ஒரேயடியா தூக்கிப்புட்டான். எங்கப்பா சொல்வாரு, அந்தக் காலத்துல சாப்பாடுதான் இல்ல, நேரமாவது சரியா இருந்துச்சான்னா அதுவும் இல்லன்னு. 1945-ல அவன் போனான், ஒன்றரை மணி நேரம் திரும்பி வந்துச்சு.

அப்புறம் 1981 டிசம்பர் 31. ராத்திரி பதினொன்றரை ஆச்சு. அடுத்த நொடி பன்னெண்டு! சபா, சரவாக்கோட நேரத்துக்கு தீபகற்பமும் ஒத்துப் போகணும்னு உத்தரவு. அந்த அரை மணி நேரத்துல பொறந்தவனும் கெடையாது, செத்தவனும் கெடையாது. கடன்காரன் கதவத் தட்டவும் வழியில்ல. சிங்கப்பூரும் கூடவே தள்ளிக்கிச்சு. உன் கதையில எந்த மந்திரவாதியாவது ரெண்டு நாட்டுக்கு ஒரே ராத்திரியில இதைச் செஞ்சிருக்கானா?

வேடிக்கை என்னன்னா, ரப்பர் மரத்துக்கு இந்த உத்தரவ யாரும் படிச்சுக் காட்டல. பால் இறங்குறது வெயிலுக்கு முன்னாடிதான். விடியுமுன்னே கத்திய ஓட்டினா பட்டை சுருளா உரிஞ்சு விழும், கோட்டோரமா பால் வழிஞ்சு மங்குல சொட்டும். வெயில் ஏறுச்சுன்னா வேகம் குறைஞ்சிடும். ஆனா ஆளெடுக்குற பெரட்டு மணி கடிகாரத்துல அதேதான், வானத்துலதான் அரை மணி நேரம் கூடுதல் இருட்டு. நெத்தியில விளக்கக் கட்டிக்கிட்டு நிரைக்குள்ள போனோம். மரம் பழைய நேரம், கிராணி புது நேரம், நாங்க நடுவுல.

இன்னிக்கும் கோலாலம்பூர்ல சூரியன் உச்சிக்கு வர்றப்ப கடிகாரம் பன்னெண்டத் தாண்டி ஒரு மணிக்குப் பக்கத்துல நிக்கும். உங்க பாட்டி மட்டும் ஊர் நாள்காட்டியப் பார்த்து, திங்கக்கெழமை ஏழரை முதல் ஒம்போது வரைக்கும் ராகு காலம்னு வாசல் தாண்ட மாட்டா. அந்தக் கணக்கு ஆறு மணிக்குச் சூரியன் உதிக்கிற ஊருக்குப் போட்டது. இங்கே ராகு கெளம்பி வர்ற நேரத்துல இவ தைரியமா பாசாருக்குப் போறா. ராகு கவர்மெண்டு நேரம் பாக்குறாரா, சூரிய நேரம் பாக்குறாரான்னு கேட்டேன். கரண்டி பறந்து வந்துச்சு.

இப்ப கெந்திங் மலை. இங்கேருந்து காடி எடுத்தா ஒன்றரை மணி நேரத்துல மேகத்துக்குள்ள நிப்பே. 1964-ல லிம் கோ டோங்னு ஒரு குத்தகைக்கார தவுக்கே, கேமரன் மலையில மின்சாரத் திட்ட வேலை பார்த்துக்கிட்டிருந்தவரு, இந்தக் குளிரு கோலாலம்பூர் பக்கத்துல கெடைச்சா எப்படின்னு யோசிச்சாரு. மறு வருஷம் காட்டை வெட்ட ஆரம்பிச்சாச்சு. 1969-ல அப்ப பிரதமரா இருந்த துங்கு அடிக்கல் வச்சாரு, 1971-ல ஹோட்டலத் தொறந்தாச்சு. நாட்டுலேயே சட்டப்படி நடக்குற ஒரே கசினோ அங்கதான். ஏன் அங்க மட்டும்? லைசென்சுன்னு ஒரு காகிதம் அங்க இருக்கு, வேற எங்கேயும் இல்ல. என் கிராணியப் பார்த்தியா?

கசினோன்னா எந்த ஊரா இருந்தாலும் பெரும்பாலும் ஒரே இலக்கணம்தான். சன்னல் வைக்க மாட்டான், சுவத்துல மணி மாட்ட மாட்டான். கையில இருந்த வெள்ளி கலர் கலரா பில்லையா மாறிடும், பில்லைய வைக்கிறப்ப காசை வைக்கிற வலி தெரியாது. பகலா ராத்திரியான்னு கேட்டா பக்கத்துல உள்ளவனுக்கும் தெரியாது. தருமரு சூதாடின சபையிலயாவது சகுனி மூஞ்சி தெரிஞ்சுச்சு, இங்க சிரிச்ச மொகத்தோட சீருடைக்காரப் பொண்ணு. மந்திரம் திருப்பி அடிக்கும்னு எழுதினியே, அது இதுதான்.

நாளைக்கு கதைக்காக மலைய நேர்ல பாக்கணும்னு கெளம்புறியாம். போயிட்டு வா. கேபிள் கார்ல தொங்கு, பனியில நனை, சின் சுவீ கோயில்ல படியேறு. வயசு இருபத்தொன்னு ஆவலேன்னா கசினோ வாசல்லேயே திருப்பி அனுப்பிடுவான், எனக்கு நிம்மதி. ஆயிடுச்சுன்னா பஸ் காசைத் தனியா காலுறைக்குள்ள வை, மீதிய உங்க பாட்டிகிட்ட குடுத்துட்டுப் போ. அவகிட்ட போன காசை எந்த மந்திரவாதியாலும் வெளிய எடுக்க முடியாது. சுவத்துல மணி இல்லேன்னா உன் கைக்கடிகாரத்தப் பாரு. காலையில ஏழு மணிக்கு பஸ்ஸுன்னு நெனப்பு இருக்கட்டும். எழுந்து பாத்துட்டு இன்னும் இருட்டாத்தானே இருக்குன்னு திரும்பப் படுத்துடாதே. அது 1982-ல கவர்மெண்டு போட்ட இருட்டு, பஸ்காரன் அதுக்கெல்லாம் காத்திருக்க மாட்டான்.