மூடி திறக்கப்படாத சாடி

கம்போடியாவின் சியெம் ரீப் நகரையடுத்த சிற்றூர்களில், அங்கோர் வாட் கோயிலைச் சுற்றிக் களைத்த வெளிநாட்டுப் பயணிகளுக்கென நடத்தப்படும் சமையல் வகுப்புகள், கிராமத்து வாழ்வைக் கலப்படமின்றி நுகரச் செய்யும் உயரிய நோக்கம் கொண்டவை. எலுமிச்சைப்புல், பேரரத்தை, மஞ்சள், பூண்டு, சின்ன வெங்காயம் முதலியவற்றை உரலில் இடித்தெடுக்கும் குரோயுங் என்னும் மசாலா விழுதைப் பயணி தம் கையாலேயே இடிக்க வேண்டும் என்பது விதி. படமெடுத்து முடியும்வரை அவர் இடிப்பதும், எஞ்சியதை வீட்டுப் பெண்மணி ஓசையின்றி இடித்து முடிப்பதும் நடைமுறை. இவ்விழுதைத் தேங்காய்ப்பாலோடும் மீன்துண்டுகளோடும் சேர்த்து, வாழையிலைத் தொன்னையில் ஆவியில் வேகவைத்தால் கிடைப்பதே அமோக். தொன்னையை மடித்தவர் யார் என்று எவரும் கேட்பதில்லை. (மின்னரைப்பான் வைத்திருக்கும் பயணி உரலுக்குக் காசு கொடுப்பதும், உரல் வைத்திருக்கும் வீட்டார் அக்காசில் மின்னரைப்பான் வாங்க எண்ணுவதும் பொருளியல் அறிஞர் ஆராயத்தக்கவை.)

ஆனால் கெமர் மக்களின் அன்றாட உணவுக்கு அடித்தளமான பிரஹோக், அதாவது தோன்லே சாப் ஏரி போன்ற நீர்நிலைகளின் மீன்களை நசுக்கி, உப்பிட்டு, மாதக்கணக்கில் புளிக்கவைத்த விழுது, அதன் கடுமணம் கருதி, பல வகுப்புகளில் பெயரளவிலேயே இடம்பெறுகிறது; கலப்படமற்ற வாழ்வை நாடி வந்தவரின் மூக்கு அவ்வளவு தொலைவு பயணம் செய்திருக்கவில்லை போலும். கம்போடியச் சமையலைக் கற்க விரும்புவோர், அமோக்கின் செய்முறைத் தாளைப் பெறுமுன், பிரஹோக் சாடியைத் திறந்து காட்டுமாறு கேட்பார்களாக.