வேன் வாத்தியார்

பாஸ்டன் பக்கத்தில் வீடு வாங்கினால் இரண்டு வரி கட்ட வேண்டும். ஒன்று சொத்து வரி. இன்னொன்று, கோடையில் ஊரிலிருந்து வரும் சொந்தக்காரர்களை, அமெரிக்கப் புரட்சி தொடங்கிய லெக்சிங்டனுக்கும் காங்கர்டுக்கும் கூட்டிக்கொண்டு போவது. முதல் தடவை நானே காரை எடுத்துக்கொண்டு போனேன். பெரியப்பா கேட்ட மூன்றாவது கேள்வியிலேயே எனக்கு நா வறண்டுவிட்டது. அதிலிருந்து தனி வேன், தனி வழிகாட்டி, முழு நாள் என்று ஏற்பாடு செய்துவிடுகிறேன். இதுவரை நாலு வழிகாட்டிகளைப் பார்த்தாயிற்று. பெயர் வேறு, உயரம் வேறு, வேனின் நிறம் வேறு. ஆனால் நாலு பேரும் ஒரே ஆள்தான்.

அந்த ஆளை வேன் வாத்தியார் என்று வைத்துக்கொள்வோம். வயது அறுபதுக்கு மேல். முப்பது வருஷம் பள்ளிக்கூடத்தில் சரித்திரம் நடத்தி ரிடையர் ஆனவர். அத்தனை வருஷமும் பாடத்தைக் கவனிக்காத பிள்ளைகள் மேல் சேர்த்துவைத்த கோபத்தை, காசு கொடுத்து வந்து உட்கார்ந்திருக்கும் நம் மேல் தீர்த்துக்கொள்வார். எட்டரைக்கு வருகிறேன் என்றால் எட்டு இருபத்தைந்துக்கு வாசலில் நிற்பார். வேனுக்குள் ஆறு குடை, கொசு மருந்து, தண்ணீர் பாட்டில்கள், லேமினேட் செய்த படங்கள் ஒரு கட்டு. நாம் சீட் பெல்ட்டைத் தேடிக்கொண்டிருக்கும்போதே முதல் பாடம் ஆரம்பித்துவிடும். ஊர்ப் பெயரைக் 'கான்கார்டு' என்று சொல்லக்கூடாது, 'காங்கர்டு'. எழுத்துப்படி பார்த்தால் அதற்கு ஒற்றுமை என்று அர்த்தம். உள்ளூர்க்காரர் வாயில் விழுந்தால் யாரையோ ஜெயித்து முடித்தாயிற்று என்பதுபோல ஒலிக்கும்.

இரண்டாவது பாடம் பால் ரிவியர். அமெரிக்காவில் எல்லோருக்கும் தெரிந்த கதை: ராத்திரியில் குதிரையேறி, "பிரிட்டிஷார் வருகிறார்கள்!" என்று ஊரூராகக் கத்திக்கொண்டு போனவர். வாத்தியாருக்கு இதைக் கேட்டாலே உடம்பு கூசும். அன்றைக்கு எல்லோருமே தங்களைப் பிரிட்டிஷார் என்றுதான் நினைத்துக்கொண்டிருந்தார்கள், அப்புறம் யாரைப் பார்த்து யார் கத்துவது? 'ரெகுலர்கள் வருகிறார்கள்', அதாவது அரசரின் படை வருகிறது என்றுதான் சொல்லியிருப்பார். அதுவும் தவிர, ரிவியர் காங்கர்டுக்கு வந்து சேரவே இல்லை. வழியில் லிங்கன் என்ற ஊரில் பிடிபட்டுவிட்டார். லாங்ஃபெல்லோ என்ற கவிஞர் 1860-ல், அதாவது 85 வருஷம் கழித்து, பாட்டு எழுதி அவரைக் காங்கர்டுவரை கொண்டுவந்து விட்டுவிட்டார். லாங்ஃபெல்லோ என்ற பெயரைச் சொல்லும்போது வாத்தியார் முகத்தைப் பார்க்க வேண்டும். பாகப்பிரிவினையில் ஏமாற்றிய பங்காளியைப் பற்றிப் பேசுகிற முகம் அது.

"அப்ப சேதி சொன்னது யாரு?" என்றாள் சித்தி. சித்தியும் சித்தப்பாவும் வந்திருந்த வருஷம் அது.

"பிரெஸ்காட் என்ற இளம் டாக்டர். லெக்சிங்டனில் காதலியைப் பார்த்துவிட்டு வீட்டுக்குத் திரும்பிக்கொண்டிருந்தார். ராத்திரி ஒரு மணி. வழியில் ரிவியரோடு சேர்ந்துகொண்டார்."

"ராத்திரி ஒரு மணிக்கா? பொண்ணு வீட்லேர்ந்தா?" சித்திக்கு அதற்குமேல் அமெரிக்கப் புரட்சி நடந்தாலும் ஒன்றுதான், நடக்காவிட்டாலும் ஒன்றுதான்.

சித்தப்பா ஒரு வங்கியில் இன்ஸ்பெக்ஷன் பிரிவில் இருந்து ரிடையர் ஆனவர். கிளை கிளையாகப் போய்ப் பேரேட்டைப் புரட்டி, ஒன்றே கால் ரூபாய் எங்கே போயிற்று என்று கேட்டே முப்பத்தைந்து வருஷத்தை ஓட்டியவர். வேனில் ஒரு வார்த்தை பேசவில்லை. அது எனக்குக் கொஞ்சம் கவலையாகத்தான் இருந்தது.

லெக்சிங்டன் புல்வெளியில் இறங்கியதும் வாத்தியார் நாடகக்காரராகிவிடுவார். 1775 ஏப்ரல் 19, புதன்கிழமை, விடிகிற நேரம். ஊர்ப்படைக் கேப்டன் பார்க்கருக்குக் காசநோய், அந்த செப்டம்பரிலேயே போய்விட்டார். அவர் பின்னால் 77 பேர். எதிரே பாஸ்டனிலிருந்து ராத்திரி முழுக்க நடந்து வந்த 700 பேர் படையின் முன்வரிசை. எங்கள் மூன்று பேரையும் வரிசையாக நிறுத்தி, "நீங்கள்தான் எழுபத்தேழு பேர்" என்றார். சித்தப்பா கையில் குடை, சித்தி கையில் புளியோதரை டப்பா. வாத்தியார் பத்தடி தள்ளிப் போய்ப் பிரிட்டிஷ் அதிகாரியாக மாறி, கலைந்து போகும்படி எங்களை அதட்டினார். பிறகு இந்தப் பக்கம் ஓடிவந்து பார்க்கராக இருமினார். நாயை நடத்திக்கொண்டு போன பெண் ஒருத்தி எங்களைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. உள்ளூரில் இது தினசரி சமாசாரம்.

முதல் குண்டைச் சுட்டது யார்? இந்த இடத்தில் வாத்தியார் குரலைத் தாழ்த்திவிடுவார். யாருக்கும் தெரியாது. தெரிந்ததெல்லாம் எட்டுப் பேர் செத்தார்கள் என்பதுதான். லேமினேட் கட்டு வெளியே வரும். 1775-லேயே டூலிட்டில் செதுக்கிய படத்தில் ஊர்க்காரர்கள் ஒருவர்கூடத் திருப்பிச் சுடவில்லை, கலைந்து ஓடுகிறார்கள். பின்னால் வந்த ஓவியர்களின் படங்களில் கொஞ்சம் கொஞ்சமாக நின்று சுட ஆரம்பிக்கிறார்கள். படத்துக்குப் படம் வீரம் ஏறிக்கொண்டே போவதை வாத்தியார் விரல் வைத்துக் காட்டுவார். உள்ளபடியே நல்ல பாடம் அது. நாலு வாத்தியார்களிடமும் நாலு தடவை கேட்டும் எனக்கு அலுக்கவில்லை.

இங்கே ஒரு நுணுக்கம் உண்டு. வாத்தியார் எந்த ஊரில் பிறந்தவர் என்று முதலிலேயே விசாரித்துக்கொள்வது நல்லது. லெக்சிங்டன்காரராக இருந்தால் யுத்தம் இந்தப் புல்வெளியில் தொடங்கியது. காங்கர்டுக்காரராக இருந்தால் இங்கே நடந்தது வெறும் படுகொலை. யுத்தம், அதாவது இரண்டு பக்கமும் சுட்டுக்கொண்ட நிஜமான யுத்தம், 'எங்கள் ஊர்' வடக்குப் பாலத்தில்தான். இரண்டு ஊருக்கும் நடுவே ஏழெட்டு மைல் இருந்தால் அதிகம். இந்தத் தகராறு இருநூறு வருஷமாக நடக்கிறது. மாமன் மச்சான் உறவு அறுந்துபோகாத அளவுக்குச் சண்டை.

நடுவில் உள்ள பழைய போர்ச் சாலையில் நடக்கும்போது வாத்தியாருக்குப் புல்லைக் கண்டால் பயம். உண்ணி! காலுறைக்குள் பேன்ட்டைச் செருகிக்கொள்ளச் சொல்வார். கல்சுவருக்குப் பின்னாலிருந்து பறந்த குண்டுகளைப் பற்றி அவ்வளவு ரசித்துச் சொல்லிக்கொண்டு வருபவர், கணுக்காலில் ஏதோ ஊர்ந்தால் அலறிவிடுவார்.

வடக்குப் பாலம் அழகான இடம். ஆறு சத்தமில்லாமல் போகும். ஒரு கையில் துப்பாக்கியும் இன்னொரு கை கலப்பை மேலுமாக நிற்கும் வெண்கல உழவன் சிலையை 1875-ல் வைத்தார்கள். செய்தவர் டேனியல் செஸ்டர் ஃபிரெஞ்சு, பிற்பாடு வாஷிங்டனில் உட்கார்ந்திருக்கும் லிங்கன் சிலையை வடிவமைத்தவர். சித்தப்பா பாலத்தின் கைப்பிடியைத் தட்டிப் பார்த்தார்.

"இது அந்தப் பாலமா?"

"அதே இடம்," என்றார் வாத்தியார்.

"பாலம்?"

கொஞ்ச நேரம் ஆற்றைப் பார்த்தார். "அந்தப் பாலத்தை 1793-லேயே எடுத்துவிட்டார்கள். இது 1956-ல் கட்டினது."

சித்தப்பா தலையை மட்டும் ஆட்டினார். மனசுக்குள் சிவப்பு மையில் ஒரு டிக் விழுந்தது எனக்குக் கேட்டது.

மத்தியானத்துக்கு மேல் எழுத்தாளர் வீடுகள். காலையில் துப்பாக்கியோடு திரிந்த வாத்தியார் இப்போது ஊர்வம்புக்கு வந்துவிடுவார். பாலத்தின் ஓரத்திலேயே உள்ள பழைய பாதிரியார் இல்லம் எழுத்தாளர் எமர்சனின் தாத்தா கட்டினது. நாவலாசிரியர் ஹாதார்ன் புதுமாப்பிள்ளையாக 1842-ல் அங்கே குடிவந்து இருந்தபோது புருஷனும் பெண்சாதியும் வைரத்தால் ஜன்னல் கண்ணாடியில் கிறுக்கி வைத்தது இன்னும் இருக்கிறது. "வாடகை வீட்டிலா?" என்று சித்தி கேட்டாள். நியாயமான கேள்விதான்.

ஆனால் வாத்தியாரை உள்ளபடி பார்க்க வேண்டுமானால் ஆர்ச்சர்ட் ஹவுஸில் பார்க்க வேண்டும். 'லிட்டில் விமன்' நாவலை லூயிசா மே ஆல்காட் 1868-ல் எழுதிய வீடு அது. உள்ளே போனால் அந்த வீட்டு வழிகாட்டி மட்டும்தான் பேசலாம். நம் வாத்தியார் வாய் திறக்கக்கூடாது. முக்கால் மணி நேரம்! கடைசி ஆளாக, கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு, அந்தச் சின்னப் பெண் பேசப் பேச உதட்டை மட்டும் அசைத்துக்கொண்டு வந்தார். அவள் ஒரு வருஷத்தை விட்டுவிட்டால் கண்ணை மூடிக்கொள்வார். அவள் ஒரு நகைச்சுவையைச் சொதப்பினால் மூக்கால் மூச்சு விடுவார். சங்கீத சபையில் முன் வரிசையில் உட்கார்ந்து இன்னொருவர் கச்சேரியைக் கேட்கும் வித்வான் அப்படித்தான் இருப்பார்.

இரண்டு ஜன்னல்களுக்கு நடுவே சுவரில் பொருத்திய அரைவட்டப் பலகை ஒன்று. லூயிசாவுக்கு அப்பா செய்துகொடுத்த மேஜை அது. ஒரு நோட்டுப் புத்தகத்தை விரித்தால் முழங்கைக்கு இடமிருக்காது. அதன்மேல்தான் அந்த நாவல். அதில் வந்த பணத்தில்தான் குடும்பம் கடனிலிருந்து மீண்டது.

"அப்பா என்ன உத்தியோகம்?" சித்தி என் காதில் கேட்டாள். நான் வாத்தியாரிடம் கேட்டேன். இதற்குத்தான் காத்திருந்ததுபோல அவர் குனிந்து கிசுகிசுத்தார்: "தத்துவஞானி."

"அதாவது, பொண்ணு சம்பாதிச்சா, அப்பா பேசினார்."

மொழிபெயர்த்துச் சொன்னேன். வாத்தியார் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்ததில் அந்த வீட்டுப் பெண் பேச்சை நிறுத்திவிட்டாள்.

வால்டன் குளம். அங்கே மர நிழலில் புளியோதரை பிரிக்கப்பட்டது. வாத்தியாரும் ஒரு கை வாங்கிக்கொண்டார். மிளகாயைக் கடித்து, கண்ணில் தண்ணீரோடு எழுத்தாளர் தோரோவைப் பற்றிப் பேசினார். 1845 ஜூலை 4-ஆம் தேதி இந்தக் குளக்கரையில் ஒரு குடிசைக்குக் குடிவந்து, இரண்டு வருஷம், இரண்டு மாதம், இரண்டு நாள் தனியாக வாழ்ந்தவர். அடியே இல்லாத குளம் என்று ஊர் நம்பியதைக் கயிறு விட்டு அளந்து 102 அடி என்று சொன்னவர். குடிவருவதற்கு முந்தின வருஷம் மீன் சமைக்கப் போய் 300 ஏக்கர் காட்டைக் கொளுத்தியவரும் அவரே. வாரத்துக்குப் பலமுறை அம்மா வீட்டுக்குச் சாப்பிடப் போய்விடுவார். வாத்தியார் இதையெல்லாம் எதிர்வீட்டுப் பையனைப் பற்றிச் சொல்லும் பாசத்தோடு சொன்னார்.

அப்புறம் துருப்புச் சீட்டை இறக்கினார். "நீங்கள் மெட்ராஸ்தானே? இந்தக் குளத்து ஐஸ்..."

"டியூடர்," என்றார் சித்தப்பா. அன்றைக்கு அவர் வாயிலிருந்து வந்த முதல் பெயர் அது. "ஐஸ் ஹவுஸ். 1842. அதுக்குப் பின் தெருவிலதான் பன்னிரண்டு வருஷம் குடியிருந்தேன். விவேகானந்தர் தங்கின கட்டடம்."

வாத்தியார் புளியோதரையைக் கீழே வைத்துவிட்டார். மெட்ராஸுக்கு ஐஸ் ஏற்றி அனுப்பிய வியாபாரி டியூடரின் ஆட்கள் 1847 குளிர்காலத்தில் இந்தக் குளத்தில் ஐஸ் வெட்டியது உண்மை. மெட்ராஸ்காரர்கள் இந்தத் தண்ணீரைக் குடிப்பதாகத் தோரோ கற்பனை செய்ததும் உண்மை. வெட்டிய குவியலில் பெரும்பகுதி இங்கேயே கிடந்து 1848 செப்டம்பரில் கரைந்து முடிந்ததை வாத்தியார் மெட்ராஸ்காரர்களிடம் சொல்வதில்லை. நானும் சொல்லவில்லை.

வண்டி நிறுத்துமிடத்தின் ஓரத்தில் தோரோ குடிசையின் மாதிரி ஒன்று கட்டி வைத்திருக்கிறார்கள். பத்தடிக்குப் பதினைந்தடி. ஒரு கட்டில், ஒரு மேஜை, மூன்று நாற்காலி. "மொத்தச் செலவு 28 டாலர் பன்னிரண்டரை சென்ட்!" என்று வாத்தியார் முழங்கினார். "பலகை, ஆணி, சுண்ணாம்பு எல்லாம் அவர் புத்தகத்திலேயே வரிவரியாக இருக்கிறது."

சித்தப்பா கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டார். நான் பயந்தது இந்தக் கண்ணாடித் துடைப்புக்குத்தான்.

"நிலம்?"

"நிலம் எமர்சனுடையது. நண்பர். சும்மா இருக்கச் சொன்னார்."

"நில வாடகை எழுதலை. அவர் கைவேலைக்குக் கூலி எழுதலை. அப்ப கணக்கு தப்பு."

நான் மொழிபெயர்த்தேன். வாத்தியார் எதுவும் சொல்லவில்லை. குடிசையைப் பார்த்தார், சித்தப்பாவைப் பார்த்தார். முப்பது வருஷம் வகுப்பில் காத்திருந்த மாணவன் கடைசியில் எழுபத்திரண்டு வயதில், குடையோடு வந்து நின்ற மாதிரி இருந்தது அவர் பார்வை.

மிச்சம் சீக்கிரம் முடிந்துவிட்டது. ஸ்லீப்பி ஹாலோ கல்லறைத் தோட்டத்தின் மேட்டில் எல்லோரும் பக்கத்துப் பக்கத்தில் படுத்திருக்கிறார்கள். தோரோவின் கல் முழங்கால் உயரம்கூட இல்லை, 'ஹென்றி' என்று மட்டும் இருக்கும். வருகிறவர்கள் அதன் முன்னால் பென்சில்களை வைத்துவிட்டுப் போகிறார்கள். வாத்தியார் எங்களுக்கும் ஆளுக்கு ஒன்று, சீவித் தயாராக, சட்டைப்பையிலிருந்து எடுத்துக் கொடுத்தார். தோரோ குடும்பமே பென்சில் தொழில் செய்த குடும்பம் என்று அவர் விளக்கியதும் சித்தி, "திருநெல்வேலிக்கே அல்வாவா!" என்றாள். அதை மட்டும் என்னால் ஆங்கிலத்தில் சொல்ல முடியவில்லை.

அடுத்த கோடையில் அம்மா வந்தாள். தற்செயலாக அதே வாத்தியார், அதே வேன். குடிசைக்கு முன்னால் நின்று 28 டாலர் பன்னிரண்டரை சென்ட் என்று முழங்கிவிட்டு, கண்ணாடியைக் கழற்றி, நிதானமாகத் துடைத்து மாட்டிக்கொண்டார்.

"ஆனால் பாருங்கள், இதில் நில வாடகை இல்லை. அவருடைய கூலியும் இல்லை. அப்போது இந்தக் கணக்கே தப்பு. முப்பது வருஷமாக நான் இதைத்தான் சொல்லிக்கொண்டிருக்கிறேன்."

அம்மா என் பக்கம் திரும்பினாள். "ஏண்டா, இவரைப் பாத்தா உன் சித்தப்பா மாதிரியே இல்லே?"