பாதி நிலுவையைக் கட்டினால்தான் வழக்கா?

கேள்வி: நான் ஆஜராகாத நாளில், மனைவிக்கும் மகளுக்கும் மாதம் 15,000 ரூபாய் தரும்படி எக்ஸ்பார்ட்டி உத்தரவு வந்துவிட்டது. ரத்து செய்யக் கேட்டால், 'நிலுவையில் பாதியை நான்கு வாரத்தில் கட்டு' என்கிறது குடும்பநல நீதிமன்றம். இப்படி நிபந்தனை போட முடியுமா? (வாசகர், திருச்சி)

பதில்: முடியும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 126-ம் பிரிவே அதற்கு இடம் தந்தது. 2024 ஜூலை 1 முதல் அதற்குப் பதிலாக வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் (பி.என்.எஸ்.எஸ்.) 145-ம் பிரிவும் அதையேதான் சொல்கிறது. தொகை உங்கள் சக்திக்கு மீறியது என்றால் மட்டும் எதிர்த்துப் பாருங்கள். 'வருமானம் இல்லை' என்று வாயால் சொன்னால் போதாது. ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் (2020) உச்ச நீதிமன்றம் இரு தரப்பும் சொத்து, கடன் விவரங்களைப் பிரமாணப் பத்திரமாகத் தர வேண்டும் என்றது. சம்பளச் சீட்டு, பேங்க் ஸ்டேட்மென்ட், பெற்றோரின் மருந்துச் சீட்டு எல்லாவற்றையும் அதில் சேருங்கள். கார் தவணை பெரும்பாலும் எடுபடாது. மகளின் ஸ்கூல் ஃபீஸ் அதற்கு முன்னால் நிற்கிறது. கெடு முடியும் தறுவாயில் இருந்தால், முதலில் அதே கோர்ட்டில் அவகாசம் கேளுங்கள்.

கேள்வி: மேல்முறையீடு எங்கே? (வாசகர், சேலம்)

பதில்: பி.என்.எஸ்.எஸ். 144-ன் கீழ் வந்த ஜீவனாம்ச உத்தரவுக்கு மேல்முறையீடு கிடையாது. குடும்பநல நீதிமன்றச் சட்டம் 19(4)-ன்படி உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனுதான். இடைக்கால உத்தரவுக்கு அந்த வழி அடைபட்டால், அரசியலமைப்பின் 227-வது பிரிவு இருக்கிறது.

கேள்வி: சீராய்வு மனு போட்டாயிற்று. இனி பணம் கட்ட வேண்டாம்தானே? (வாசகர், மதுரை)

பதில்: கட்ட வேண்டும். மனு நம்பர் ஆனதால் உத்தரவு நின்றுவிடாது. ஸ்டே தனியாக வாங்க வேண்டும். ஸ்டே கொடுக்கும்போதும் ஒரு பகுதியை டெபாசிட் செய்யச் சொல்வது வழக்கம். கட்டாத ஒவ்வொரு மாதத்துக்கும் ஒரு மாதம் வரை சிறை உண்டு. உள்ளே போய்வந்தால் கணக்குத் தீர்ந்தது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். சிறை பாக்கியைத் தீர்க்காது என்று உச்ச நீதிமன்றம் 1989-லேயே சொல்லிவிட்டது.

கேள்வி: 'வீட்டுக்குத் திரும்பி வந்தால்தான் பணம்' என்கிறார் கணவர். சேர்ந்து வாழச் சொல்லி தீர்ப்பும் வாங்கிவிட்டார். எனக்கு ஜீவனாம்சம் போய்விடுமா? (வாசகி, தஞ்சாவூர்)

பதில்: தானாகப் போகாது, அம்மா. அந்தத் தீர்ப்பை வைத்து மட்டுமே மறுக்கக் கூடாது, நீங்கள் போகாததற்கு நியாயமான காரணம் உண்டா என்று பார்க்க வேண்டும் என 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. அடி, வரதட்சணைத் தொல்லை, அவருக்கு இன்னொரு திருமணம் என எது நடந்திருந்தாலும் ஆதாரத்தோடு சொல்லுங்கள். ஆஸ்பத்திரிச் சீட்டு ஒன்று பத்து சாட்சிக்குச் சமம்.

கேள்வி: நிபந்தனைக் கெடு முடிந்தும் கணவர் பணம் கட்டவில்லை. நான் காத்திருப்பதா? (வாசகி, விழுப்புரம்)

பதில்: ஒரு நாள்கூட வேண்டாம். கட்டினால்தான் ரத்து என்ற உத்தரவில் கெடு தவறினால் பழைய உத்தரவு அப்படியே நிற்கும். சான்றிட்ட நகல் வாங்கி, வசூலுக்கு மனுப் போடுங்கள். ஒவ்வொரு மாதத் தொகைக்கும் அது சேர வேண்டிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனு வந்தால்தான் வாரண்ட் கிடைக்கும். வக்கீல் ஃபீஸுக்கு வழியில்லை என்றால் சட்ட உதவி எண் 15100-ஐ அழையுங்கள். பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச சட்ட உதவி உண்டு.