அக்னித் தலத்துல ஓவனா, பேராண்டி?

வாடா பேராண்டி. தீபத்துக்கு ஊருக்கு வந்தவன் ஓவனையும் தூக்கிக்கிட்டு வந்திருக்கியாமே, முழுப் பரங்கிக்காயைச் சுட! அக்னித் தலத்துல பொறந்துட்டு, நெருப்புக்குக் கரன்ட்டை நம்புற மொத ஆளு நம்ம வம்சத்துல நீதான். அண்ணாமலையாரு 2,668 அடி மலை உச்சியில, கார்த்திகை மழையிலயும் நெய்யும் திரியும் போதும்னு இருக்காரு.

சரி, ஆசைப்பட்டுட்டே. கடையில பூசணின்னு கேட்டு வைக்காதே. அமாவாசைக்கு நடுரோட்டுல உடைக்கிற வெள்ளைப் பூசணியை உன் தலையில கட்டிடுவான். பரங்கின்னு கேளு. ரெண்டு கிலோ போதும், உன் பெட்டிக்குள்ள நுழையணுமில்ல? காம்பு காய்ஞ்சு, தோலு மேல சாம்பல் பூத்து, நகம் எறங்காம இருக்கணும். பளபளப்பைப் பார்த்து மயங்கறது உனக்குப் பழக்கம், அதான் சொல்றேன்.

மேல்பக்கத்தைக் காம்போட மூடியாட்டம் அரிஞ்சு எடு. சதையில ஒரு சில்லு நாக்குல வை. கசந்துச்சுன்னா வெல்லத்தைக் கொட்டிச் சரிக்கட்டலாம்னு பார்க்காதே. கசந்த பரங்கி வயித்தைப் பதம் பார்த்துடும், தூக்கிப் போடு. இனிச்சா, விதையையும் நாரையும் வழிச்சு எடு. விதையை வீசிடப்போறே! ஆசிரமத்துல ரமணரே விடியக்காலையில உக்காந்து காய் நறுக்குவாரு, கத்திரிக்காய்க் காம்பைக்கூட வீணாக்க விடமாட்டாருன்னு கூட இருந்தவங்க எழுதி வெச்சிருக்காங்க. நீ அவரைவிடப் பெரிய துறவியோ?

முக்கால் வேக்காட்டுப் பச்சரிசிச் சோறு, பொடிச்ச வெல்லம், தேங்காத் துருவல், ஏலக்காய், ஒரு கரண்டி நெய். எல்லாத்தையும் பெசறி உள்ள போடு. கழுத்து வரைக்கும் அடைக்காதே, காயும் தண்ணி விடும். மூடியைப் போட்டு, அடியில தட்டு வெச்சு, 180 டிகிரியில ஒன்னரை மணி நேரம் விடு. நிமிஷத்துக்கொரு தரம் தொறந்து பார்க்க அது என்ன செல்போனா? கத்தியால குத்தினா தடங்கலில்லாம எறங்கணும், அப்பத்தான் பதம்.

புதுசா நீ கண்டுபிடிச்சதா ஊரெல்லாம் பீத்திக்காதே. ஆர்மேனியாக்காரங்க பரங்கிக்குள்ள சோறும் உலர்ந்த பழமும் தேனும் அடைச்சு, புத்தாண்டுக்குச் சுடுவாங்க, கப்பாமான்னு பேரு. சென்னை அரண்மனைக்காரன் தெருவுல 1772ல மாதா கோயில் கட்டினதும் அவங்க ஆளுங்கதான்.

கரன்ட்டு போச்சுன்னா மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்காதே. கொல்லையில வெறகடுப்புத் தணல் இருக்கு, உன் பாட்டி கையைக் காலைப் பிடிச்சுக் கேளு. விதையைக் கழுவிக் காயவெச்சு எங்கிட்ட கொடு, தைப் பட்டத்துல போடறேன். மொத துண்டும் எனக்குத்தான். பல்லு போனவனுக்குத் தோதான பண்டம் இந்த ஊர்ல வேற ஏது?