சம்பளம் கொடுத்த ஸ்டூடியோவை விலைக்கு வாங்கிய அம்மணி

1926-ல் நியூயார்க்கில் ஒரு நாடகப் பள்ளி, பதினைந்து வயதுப் பெண் ஒருத்தியை மூட்டை கட்டி வீட்டுக்கு அனுப்பியது. ரொம்பக் கூச்சம், மேடைக்கு லாயக்கில்லை, வீணாகப் பணம் கட்டாதீர்கள் என்று அம்மாவுக்குத் தகவல் போயிற்று. அங்கே நட்சத்திர மாணவி, பின்னாளில் நடிகையான பெட்டி டேவிஸ். அவர் பக்கத்தில் நின்றால் யாருக்குத்தான் கூச்சம் வராது?

திரும்பி வந்த பெண் லூசில் பால். 1933-ல் ஹாலிவுட். 'ரோமன் ஸ்கேண்டல்ஸ்' படத்தில் ரோமாபுரி அடிமைப் பெண்களில் ஒருத்தி; கூட்டத்தில் ஆளைக் கண்டுபிடிக்கப் பொறுமை வேண்டும். பிறகு ஆர்.கே.ஓ. ஸ்டூடியோவில் மாதச் சம்பளக்காரி மாதிரி வேலை. பெரிய படத்தோடு இலவச இணைப்பாக ஓட்டும் சிக்கனப் படங்களுக்கெல்லாம் இவர்தான் நாயகி. 'பி-படங்களின் ராணி' என்று பட்டமும் கிடைத்தது. ராணிதான், ஆனால் ராஜ்யம் ஒரு மணி நேரத்தில் முடிந்துவிடும்.

'கான் வித் த விண்ட்' படத்தின் ஸ்கார்லெட் வேடத்துக்கு ஊரிலிருந்த பெண்களெல்லாம் வரிசையில் நின்றபோது இவரும் போனார். மழையில் தொப்பலாக நனைந்து, தயாரிப்பாளர் செல்ஸ்னிக்கின் ஸ்டூடியோ அலுவலகத்தில் வசனம் ஒப்பித்தார். வேடம் விவியன் லீக்கு. ஜலதோஷம் இவருக்கு மிஞ்சியிருக்கும். அந்த ஸ்டூடியோ வளாகத்தை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், வேலை இருக்கிறது.

எம்.ஜி.எம். இவரைச் சேர்த்துக்கொண்டு செய்த உருப்படியான காரியம், தலைமயிருக்குச் செக்கச்செவேலென்று சாயம் பூசியது. டெக்னிகலருக்காகப் பூசிய அந்தச் சாயத்தை அமெரிக்கா கொண்டாடியது என்னவோ கறுப்பு வெள்ளைப் பெட்டியில்தான்.

நடுவே 1940-ல் கல்யாணம். மாப்பிள்ளை டெசி ஆர்னாஸ், கியூபாக்காரர், ஆறு வயது இளையவர், காங்கா மேளம் தட்டிக்கொண்டு பேண்டோடு ஊர் ஊராகச் சுற்றுபவர். போகிற ஊரிலெல்லாம் மேளம் மட்டும்தான் தட்டினார் என்று மனைவியே நம்பவில்லை. ஆகவே சி.பி.எஸ். நிறுவனம் லூசிலின் ரேடியோ நகைச்சுவையைத் தொலைக்காட்சிக்குக் கேட்டபோது, புருஷன் வேடத்தில் என் புருஷன்தான் நடிக்க வேண்டும் என்று அம்மணி அடம்பிடித்தார். ஆளை வீட்டோடு கட்டிப்போட இதைவிடச் செலவு அதிகமான வழி கிடையாது. அமெரிக்கப் பெண்ணுக்குக் கியூபாக் கணவனா, யார் நம்புவார்கள் என்றார்கள் அதிகாரிகள். கேட்டுக்கொண்டு எதிரே உட்கார்ந்திருந்தவர்களுக்குக் கல்யாணமாகிப் பத்து வருஷம்.

1951 அக்டோபர் 15-ல் 'ஐ லவ் லூசி' ஆரம்பமானது. விளம்பரதாரரான சிகரெட் கம்பெனிக்கு நியூயார்க்கிலிருந்து நேரடி ஒளிபரப்பு வேண்டும். தம்பதியோ கலிபோர்னியாவை விட்டு நகர மாட்டோம், பார்வையாளர்களை உட்காரவைத்து மூன்று கேமராவில் பிலிமிலேயே எடுக்கிறோம் என்றார்கள். கூடுதல் செலவுக்காகச் சம்பளத்தைக் குறைத்துக்கொண்டு, பதிலுக்குப் பிலிமின் உரிமையைக் கேட்டார்கள். சி.பி.எஸ். கொடுத்துவிட்டது. ஒருதரம் பார்த்த நிகழ்ச்சியை எவன் மறுபடி பார்ப்பான்? ஜெர்மனியில் 'மெட்ரோபோலிஸ்' எடுத்த மகா ஒளிப்பதிவாளர் கார்ல் ஃபிராய்ண்ட் வந்து, பெல்ட்டில் பாய்ந்து வரும் சாக்லேட்டுகளை லூசி வாயிலும் தொப்பியிலும் ரவிக்கைக்குள்ளும் திணிப்பதைப் படம்பிடித்தார்.

அடுத்த வருஷம் லூசிலுக்கு நிஜமாகவே கர்ப்பம். கதையிலும் கர்ப்பம்தான். ஆனால் திரையில் அந்தச் சொல்லைச் சொல்லக் கூடாது. திரைக்கதையை ஒரு கத்தோலிக்கப் பாதிரியார், ஒரு புராட்டஸ்டண்ட் போதகர், ஒரு யூத ரபி மூவரும் சரிபார்த்தார்கள். ஒரு குழந்தை பிறக்க இத்தனை மதங்களின் சம்மதம் எங்கும் தேவைப்பட்டதில்லை. 1953 ஜனவரி 19, திங்கட்கிழமை. காலையில் ஆஸ்பத்திரியில் சிசேரியன், ஆண் குழந்தை. இரவு பெட்டியிலும் ஆண் குழந்தை. பார்த்தவர்கள் சுமார் 4.4 கோடி. மறுநாள் ஐசன்ஹோவர் அதிபராகப் பதவியேற்றதைப் பார்த்தவர்கள் சுமார் 2.9 கோடி. உலகப் போரை ஜெயித்தவர் ஒரு தொட்டிலிடம் தோற்றார்.

அதே வருஷம் செப்டம்பரில் இடி விழுந்தது. 1936-ல் கம்யூனிஸ்ட் வாக்காளராகப் பதிவு செய்தவர் லூசில் என்று வெளியே வந்தது. சோஷலிஸ்ட் தாத்தாவின் மனசு நோகாமலிருக்கக் கையெழுத்துப் போட்டேன் என்று விசாரணைக் குழுவிடம் சொன்னார். கம்யூனிஸ்டுகளைத் தேடி எத்தனையோ பேரின் பிழைப்பைக் கெடுத்த விசாரணை அது. லூசி தப்பியதற்கு, திங்கட்கிழமை இரவுகள் பாழாகிவிடுமே என்று தேசம் பயந்ததும் ஒரு காரணம் என்பது என் கட்சி. லூசியிடம் சிவப்பென்று இருப்பது தலைமயிர் மட்டும்தான், அதுவும் அசல் இல்லை என்று டெசி ஸ்டூடியோவில் போட்டு உடைத்தார்.

பிறகு, எவன் மறுபடி பார்ப்பான் என்ற அந்தப் பழைய பிலிம்களை சி.பி.எஸ்.ஸே பல மில்லியன் டாலர் கொடுத்துத் திரும்ப வாங்கியது. தம்பதியின் 'டெசிலு' கம்பெனி 1957-ல் ஆர்.கே.ஓ.வின் ஸ்டூடியோக்களை ஆறு மில்லியன் டாலருக்குமேல் கொடுத்து வாங்கியது. விற்றது ஒரு டயர் கம்பெனி. சினிமா எத்தனை பங்சர் ஆகியிருந்தது பாருங்கள். வாங்கியதில் கல்வர் சிட்டி வளாகமும் சேர்த்தி. ஈரத்தோடு வசனம் ஒப்பித்தாரே, அதே இடம்.

ஸ்டூடியோ தங்கியது, புருஷன் தங்கவில்லை. 1960-ல் விவாகரத்து. 1962-ல் டெசியின் பங்கையும் வாங்கி அம்மணியே முதலாளி ஆனார். விண்வெளிக் கப்பல், கூர்மையான காது என்று யாரோ கதை சொல்ல, ஆலோசகர்கள் காசு கரியாகும் என்று கதற, எடுங்கள் என்றார். அது 'ஸ்டார் ட்ரெக்'. 1967-ல் கம்பெனியை 17 மில்லியன் டாலருக்கு விற்றார்.

1974-ல் 'மேம்' படத்தில் ஆடிப் பாடினார். விமர்சகர்கள் கருணை காட்டவில்லை. 1986-ல் எழுபத்தைந்து வயதில் மறுபடி தொடர். எட்டு வாரத்தில் மூட்டை கட்டினார்கள். 1989-ல் காலமானார்.

அதோடு விட்டார்களா? 2009-ல், வளர்ந்த ஊரான செலரானில் வெண்கலச் சிலை வைத்தார்கள். முகத்தைப் பார்த்த ஜனங்கள் 'பயங்கர லூசி' என்று பெயர் சூட்டினார்கள். 2016-ல் அழகான புதுச் சிலை வந்தது. பழையதை உருக்காமல் அதே பூங்காவில் சற்றுத் தள்ளி வைத்திருக்கிறார்கள். ஒரு கையில் டானிக் பாட்டில், மறு கையில் கரண்டி. குழந்தைகள் கொஞ்சம் தள்ளியே விளையாடுவது நல்லது.